மா கேட்கும் அளவு

சென்ற தவணையின் கடைசி வாரத்திலே மாணவன் ஒருவன் இரண்டு தேசப்படங்களைக் கையிலேந்தியவாறு எம்மை நாடி வந்தான். "சேர், பழைய படத்தில் இந்த ஊருக்குப் பிரெஸ்பேர்க் என்று போட்டிருக்கிறது. புதிய படத்தில் அதே இடத்தில் பிராத்திஸ்லாவா என்று இருக்கிறது. வரலாற்றுப் புத்தகத்திலோ பொஷோனி என்று வருகிறது. சோதனைக்கு எதைச் சேர் எழுதுவது?" என்று வினவினான்.

ஜேர்மன் மொழி பேசுவோருக்கு அவ்வூர் பிரெஸ்பேர்க், ஹங்கேரியருக்குப் பொஷோனி, சிலோவாக்கியருக்குப் பிராத்திஸ்லாவா. தன்யூப் நதிக்கரையில் அமைந்த அந்நகரிலேதான் 1563ஆம் ஆண்டு முதல் 1830ஆம் ஆண்டு வரை ஹங்கேரிய மன்னர்கள் முடிசூடிக்கொண்டனர். முதலாம் உலக மகாயுத்தம் முடிந்ததும் அது செக்கோசிலோவாக்கியாவின் வசமாயிற்று. 1920ஆம் ஆண்டு ஜூன் மாதம் 4ஆந் திகதி கைச்சாத்தான திரியானோன் உடன்படிக்கை அம்மாற்றத்தை உறுதி செய்தது. அவ்வுடன்படிக்கையினால் ஹங்கேரி தன் நிலப்பரப்பில் ஏறக்குறைய மூன்றில் இரண்டு பங்கை இழந்தது. 1993ஆம் ஆண்டில் சிலோவாக்கியா தனி நாடானபோது அந்நகர் அதன் தலைநகராயிற்று. ஆகவே, எந்த ஆண்டைப் பற்றி எழுதுகின்றாயோ அந்த ஆண்டுக்குரிய பெயரை எழுது என்று அவனுக்குக் கூறினோம்.

அவன் போகத் திரும்பியபோது எமக்கு வேறொன்று நினைவில் எழுந்தது. "தம்பி, இந்த மூன்று பெயரையும் சண்டை சச்சரவின்றித் தாங்கி நிற்கும் பொருள் ஒன்று அவ்வூரில் உண்டு, அது ஒரு பலகாரம்" என்றோம். அவன் நகைத்தான். பலகாரத்துக்கும் வரலாற்றுக்கும் என்ன தொடர்பு என்று அவன் எண்ணியிருக்கலாம். அவனுக்கு அன்று கூற நேரம் போதாமற் போனதை இன்று வாசகர்களுக்குக் கூற விழைகின்றோம்.

அப்பலகாரத்தை ஹங்கேரியர் கிப்ளி என்பர். பிறைச்சந்திரனைப் போல வளைந்திருப்பது. உள்ளே இனிப்புப் பூரணம் பொதிந்தது. பொஷோனி நகரின் பெயரால் வழங்கும் கிப்ளியில் இரு வகை உண்டு. ஒன்றினுள்ளே கசகசாப் பூரணமும், மற்றையதினுள்ளே வால்நட் என்றும் அக்ரோட்டு என்றும் வழங்கும் பருப்பின் பூரணமும் வைப்பர். கசகசா வைத்ததைக் குதிரை லாடத்தின் வடிவிலும், அக்ரோட்டு வைத்ததை ஆங்கில எழுத்தாகிய 'சி'யின் வடிவிலும் வளைப்பர். ஆகவே, கடித்துப் பாராமலே உள்ளிருப்பது இன்னதென்று அறிந்துகொள்ளலாம். மேற்புறத்தில் முதலில் முட்டையின் மஞ்சட் கருவைப் பூசி உலரவிட்டு, அதன்மேல் வெண்கருவைப் பூசி மீண்டும் உலரவிட்டுச் சுடுவர். சுட்டெடுத்ததும் சலவைக் கல்லில் ஓடும் கோடுகள் போல மினுமினுப்பான வரிகள் மேலே தோன்றும். 2012ஆம் ஆண்டில் ஐரோப்பிய ஒன்றியம் இதனை மரபுவழிச் சிறப்புணவாகப் பதிவு செய்தது. அப்பதிவிலே ஜேர்மன், சிலோவாக்கியம், ஹங்கேரியம் ஆகிய மும்மொழிப் பெயர்களும் ஒன்றின் பக்கத்தில் ஒன்றாக இடம்பெற்றுள்ளன. தேசப்படம் வரைவோரால் இயலாததைப் பாண் சுடுவோர் இயற்றிவிட்டனர்.

இதன் பிறை வடிவத்துக்கு ஒரு கதையும் கூறுவர். 1683ஆம் ஆண்டில் துருக்கியர் வியன்னா நகரை முற்றுகையிட்டுத் தோல்வியுற்ற காலத்தில், அவர்தம் கொடியிலிருந்த பிறையை எள்ளி நகையாடும் பொருட்டு அந்நகரத்துப் பாண் சுடுவோர் இவ்வடிவத்தை ஆக்கினர் என்பது அக்கதை. கேட்பதற்கு இனியதுதான். ஆனால், கிப்ளி என்ற சொல்லுக்கு மூலமாகிய ஜேர்மன் சொல் அம்முற்றுகைக்குப் பல நூற்றாண்டுகளுக்கு முன்னரே ஆஸ்திரிய ஏடுகளிற் காணப்படுகின்றது. மாணவர்கள் இதனைக் கருத்திற் கொள்வார்களாக. சுவையான கதை என்பதனால் அது மெய்யான கதை ஆகிவிடாது.

நிற்க. கடைகளிற் சுடும் கிப்ளியினும், நத்தார்க் காலத்தில் ஹங்கேரிய இல்லங்களிற் சுடும் சிறு கிப்ளியே நாம் இன்று சிறப்பாகக் கூற எடுத்துக்கொண்டது. அதற்கு 'ஹோ கிப்ளி' என்று பெயர். 'ஹோ' என்றால் அவர்கள் மொழியிலே பனி. சுட்ட கிப்ளியை வெண்ணிறமான ஐசிங் சீனியிலே புரட்டி எடுக்கும்போது, பனி மூடிய முற்றத்திலே கிடந்த பிறை போல அது தோற்றமளிப்பதால் இப்பெயர் வந்தது. விரல் நீளமே இருக்கும்; வாயிலிட்டால் மாவாக உதிர்ந்து கரைந்துவிடும்.

இப்பலகாரத்தின் கதை அடுப்படியிலே தொடங்குவதில்லை; முற்றத்து மரத்திலே தொடங்குகின்றது. ஹங்கேரியக் கிராமங்களிலே வீட்டு வளவில் ஓர் அக்ரோட்டு மரமேனும் நிற்பது வழக்கம். அந்நாட்டின் வடகிழக்கே, திஸா நதியின் மேற்பாகத்தை அடுத்துள்ள மிலோதா என்னும் ஊர் அக்ரோட்டுக்குப் பேர் பெற்றது. அவ்வூரின் பெயராலேயே ஓர் இனம் வழங்குகின்றது. செப்டெம்பர், ஒக்டோபர் மாதங்களிலே பச்சைத் தோல் வெடித்துக் காய்கள் நிலத்தில் விழும். அத்தோலை உரிப்பவரின் விரல்கள் கறுத்துவிடும். எத்தனை முறை கழுவினாலும் அக்கறை சில நாட்களுக்குப் போகாது. காய்களை ஓட்டோடு உலர்த்திப் பரணிலே சேமித்து வைப்பர். ஓட்டோடு வைப்பதற்குக் காரணம் உண்டு. அக்ரோட்டுப் பருப்பிலே நூற்றுக்கு 65 பங்களவு எண்ணெய். அவ்வெண்ணெய் காற்றுப் பட்டால் விரைவிலே சிக்குப் பிடித்துக் கசந்துவிடும். ஓடு இருக்கும்வரை பருப்புக்குக் காவல் இருக்கின்றது.

திசெம்பர் மாதம் பிறந்ததும் ஓடு உடைக்கும் வேலை தொடங்கும். அது சிறுவர்களுக்கும் முதியவர்களுக்கும் உரிய வேலை. உடைத்த பருப்பை அரைப்பதற்கென்றே கையாற் சுழற்றும் சிறு பொறி ஒன்று உண்டு. அதனை மேசை விளிம்பிலே திருகி இறுக்கி, மேலே பருப்பை இட்டுப் பிடியைச் சுற்றினால், பருப்பு பூப்போன்ற மென்துருவலாக உதிரும். அம்மியிலோ மின்பொறியிலோ அரைத்தால் எண்ணெய் கக்கிப் பசையாகிவிடும்; பூரணம் கனத்துப் போகும். அதனாலேதான் பாட்டியார் காலத்துப் பொறியை இன்றும் எறியாது வைத்திருக்கும் இல்லங்கள் அந்நாட்டிற் பல.

அக்ரோட்டைப் பற்றி அம்மக்களிடையே நிலவிய நம்பிக்கைகளும் சுவையானவை. கசகசா செல்வத்தைக் கொணரும் என்றும், அக்ரோட்டு கண்ணூறு, செய்வினை முதலியவற்றை விலக்கும் என்றும் கருதினர். நத்தார் முன்னிரவிலே வீட்டின் நான்கு மூலைகளிலும் அக்ரோட்டுகளை எறியும் வழக்கம் இருந்தது. அன்றிரவு உணவின்போது குடும்பத்தில் ஒவ்வொருவரும் ஓர் அக்ரோட்டை எடுத்து உடைப்பர். பருப்பு நல்லதாயின் வரும் ஆண்டில் உடல்நலம். கறுத்தோ புழுவுண்டோ இருப்பின் நோய். பின்னர் ஓர் அப்பிள் பழத்தை எடுத்து, அங்கிருப்போர் எத்தனை பேரோ அத்தனை துண்டுகளாக வெட்டி அனைவரும் உண்பர். குடும்பம் பிரியாதிருக்க வேண்டும் என்பதே அதன் கருத்து. மூடநம்பிக்கை என்று இவற்றைத் தள்ளுவோர் தள்ளுக. ஆயினும் பருப்பை உடைக்குமுன் அத்தாய்மாரின் நெஞ்சு ஒரு கணம் நின்றிருக்கும் என்பதை நாம் உணர்கின்றோம்.

இனி, செய்முறைக்கு வருவோம்.

பழைய ஹங்கேரியச் சமையற் குறிப்புகளைப் படிப்போரைத் திகைக்க வைக்கும் சொற்றொடர் ஒன்று உண்டு. இத்தனை வெண்ணெய், இத்தனை முட்டை என்று ஒழுங்காக எழுதிக்கொண்டு வந்து, கோதுமை மாவின் அளவைக் கூறவேண்டிய இடத்தில், 'ஒமென்யித் ஃபெல்வெஸ்' என்று முடித்துவிடுவர். 'அது எவ்வளவை ஏற்குமோ அவ்வளவு' என்பது பொருள். எமது வீடுகளிலும் இதே பேச்சு உண்டன்றோ? "எவ்வளவு தண்ணீர் விடுவது?" என்று கேட்டால், "மா கேட்கிற அளவுக்கு விடு பிள்ளை" என்று பெரியவர்கள் விடையளிப்பர். மா எப்பொழுது கேட்கும், எப்பொழுது போதும் என்னும் என்பது அவர்களுடைய விரல்களுக்கு மட்டுமே தெரியும்.

புதிதாகச் செய்வோருக்கு விரல்களின் அந்த அறிவு இல்லாமையால், நிறுத்த அளவுகளையே தருகின்றோம். மாவுக்கு வேண்டியவை: கோதுமை மா 500 கிராம், குளிர்ந்த உப்பில்லா வெண்ணெய், அதாவது கடையிலே பட்டர் என்று விற்பது, 250 கிராம், புளித்த கட்டிப் பாலாடை 200 கிராம், இரண்டு முட்டைகளின் மஞ்சட் கரு, உப்பு ஒரு சிட்டிகை. பூரணத்துக்கு வேண்டியவை: துருவிய அக்ரோட்டு 250 கிராம், ஐசிங் சீனி 150 கிராம், அவ்விரு முட்டைகளின் வெண்கரு, ஓர் எலுமிச்சம்பழத்தின் துருவிய தோல், கறுவாத்தூள் அரைத் தேக்கரண்டி. மேலே புரட்டுவதற்கு ஐசிங் சீனி வேண்டிய அளவு. இவற்றைக் கொண்டு ஏறக்குறைய 60 கிப்ளிகள் செய்யலாம்.

கறுவாவைப் பற்றி ஒரு வார்த்தை கூறாது மேலே செல்ல எமக்கு மனம் வரவில்லை. ஹங்கேரிய மொழியிலே கறுவாவுக்கு 'ஃபாஹேய்' என்று பெயர். 'ஃபா' என்றால் மரம்; 'ஹேய்' என்றால் தோல், பட்டை. நாம் கறுவாப்பட்டை என்பது போலவே அவர்களும் மரப்பட்டை என்கின்றனர். அதிலும் உயர்ந்த வகையை அவர்கள் 'செய்லோனி ஃபாஹேய்', அதாவது இலங்கைக் கறுவா என்று அழைக்கின்றனர். கடலே இல்லாத அந்நாட்டின் நத்தார்ப் பலகாரத்திலே எமது தென்கரையின் மணம் ஏறியிருப்பதை எண்ணி மகிழ்வோமாக.

முதலில் அரித்த மாவிலே உப்பைக் கலந்து, குளிர்ந்த வெண்ணெயைச் சிறு துண்டுகளாக்கி இட்டு, விரல் நுனிகளால் உதிர்க்க வேண்டும். உள்ளங்கை படலாகாது, உள்ளங்கைச் சூடு வெண்ணெயை உருக்கிவிடும். மாவும் வெண்ணெயும் பிட்டு மாவைப் போல உதிரியான பின்னர், பாலாடையையும் மஞ்சட் கருவையும் சேர்த்து ஒன்றாகத் திரட்டுக. ரொட்டிக்குப் பிசைவது போல அடித்துப் பிசைதல் கூடாது. பிசையப் பிசையக் கோதுமையிலுள்ள பசை இறுகி, பலகாரம் தோல் போல இழுபடும். திரட்டிய மாவை நான்கு உருண்டைகளாக்கி, மூடிக் குளிர்சாதனப் பெட்டியிலே குறைந்தது இரண்டு மணி நேரமாவது வைத்தல் வேண்டும். ஓர் இரவு வைத்தால் இன்னும் நன்று.

இவ்வாறு குளிரவைப்பது ஏன் என்று மாணவர் கேட்கலாம். குளிர்ந்த வெண்ணெய் மாவுக்குள்ளே மெல்லிய தகடுகளாக நிற்கின்றது. போறணையின் சூடு பட்டதும் அது உருகி விட்ட இடத்திலே நீராவி எழுந்து மாவின் படைகளைப் பிரிக்கின்றது. வெண்ணெய் முன்னரே உருகிவிட்டால் அது மாவோடு கலந்துவிடும். பிரிப்பதற்குப் படை இராது. பாலாடையின் புளிப்போ கோதுமைப் பசையைத் தளர்த்தி மென்மையூட்டுகின்றது. பாட்டியார் இக்காரணங்களைப் படித்தவரல்லர். ஆயினும் பனிக்காலத்து வெளித்திண்ணையிலே மாவை மூடிவைக்க அவர் தவறியதில்லை.

பூரணத்துக்கு, வெண்கருவை நுரை தோன்றும் அளவுக்கு மட்டும் அடித்து, அக்ரோட்டு, சீனி, எலுமிச்சைத் தோல், கறுவா ஆகியவற்றோடு சேர்த்துக் கிளறுக. கையில் எடுத்தால் உருண்டையாக நிற்கவேண்டும். இளகியிருப்பின் இன்னும் சிறிது பருப்பைச் சேர்க்கலாம், சீனியைச் சேர்க்கலாகாது. சீனி கூடினால் அது சூட்டிலே உருகிப் பூரணத்தை வெளியே இழுத்துவிடும்.

பின்னர் ஓர் உருண்டையை மட்டும் வெளியே எடுத்து, மூன்று மில்லிமீற்றர் தடிப்பாக உருட்டி, ஆறு சென்ரிமீற்றர்ச் சதுரங்களாக வெட்டுக. ஒவ்வொன்றின் ஒரு மூலையிலும் ஒரு தேக்கரண்டியளவு பூரணத்தை வைத்து, அம்மூலையிலிருந்து எதிர்மூலையை நோக்கிச் சுருட்டி, முனை அடியிலே வருமாறு தட்டில் வைத்துப் பிறையாக வளைக்க வேண்டும். 180 பாகை செல்சியஸ் சூட்டிலே 15 முதல் 18 நிமிடம் வரை சுட்டாற் போதும். அடிப்புறம் பொன்னிறமாகவும் மேற்புறம் வெளுத்தும் இருத்தல் வேண்டும். மேற்புறம் சிவந்தால் சுவை குன்றும். இளஞ்சூடாக இருக்கும்போது ஒரு முறையும் நன்கு ஆறிய பின்னர் மற்றொரு முறையும் ஐசிங் சீனியிலே புரட்டுக. முதன்முறை இட்ட சீனி ஒட்டிக்கொள்ளும். இரண்டாம் முறை இட்டது பனியாக நிற்கும். காற்றுப் புகாத தகரத்திலே இட்டு வைத்தால் இரண்டு வாரம் வரை கெடாது. இரண்டாம் நாளிலே முதல் நாளினும் சுவை மிகுந்திருக்கும்.

முட்டை உண்ணாத இல்லத்தாரும் மனம் தளரவேண்டுவதில்லை. கோதுமை மா, வெண்ணெய், பாலிலிருந்து எடுக்கும் கட்டித் தயிர்ப்பால்கட்டி ஆகிய மூன்றையும் சம எடையில் எடுத்துத் திரட்டும் மா ஒன்றும் ஹங்கேரிய அடுப்படிகளில் வழக்கிலுள்ளது. அதற்கு முட்டை வேண்டியதில்லை. பூரணத்தையும் வெண்கருவுக்குப் பதிலாகச் சிறிது சூடான பாலால் நனைத்துக்கொள்ளலாம். பழைய செய்முறைகள் சிலவற்றில் வெண்ணெய்க்குப் பதிலாகப் பன்றிக் கொழுப்பைக் கூறியிருப்பர். அதனை விலக்குவோர் வெண்ணெயைக் கொள்வதால் பலகாரத்துக்கு ஒரு குறையும் நேராது. அக்ரோட்டுக்குப் பதிலாக மரமுந்திரிகைப் பருப்பை இடலாமா என்று சிலர் கேட்கக்கூடும். இடலாம், இனிக்கும். ஆனால் அக்ரோட்டின் மெல்லிய தோலிலுள்ள சிறு கசப்பு அதிலே இராது. அச்சீனியையும் வெண்ணெயையும் திகட்டவிடாது தாங்கி நிற்பது அக்கசப்பே ஆகும்.

செய்முறையைக் கூறிவிட்டோம். எனினும், நாம் இப்பலகாரத்தைத் தெரிந்தெடுத்ததன் காரணத்தை இன்னும் கூறவில்லை.

இரண்டாம் உலக மகாயுத்தத்தின் பின்னர் ஹங்கேரியிலே பொதுவுடைமை ஆட்சி ஏற்பட்டது. 1950ஆம் ஆண்டுகளின் தொடக்கத்தில் உழவர் தம் விளைச்சலில் ஒரு பங்கை அரசுக்குக் கட்டாயமாகக் கொடுக்க வேண்டியிருந்தது. பரணிலே மறைத்து வைத்த தானியத்தையும் கூட்டித் துடைத்து எடுத்துச் சென்றதனால், 'பரண் பெருக்கல்' என்ற சொல்லே மக்கள் வாயிற் பிறந்தது. நத்தார் விழாவைப் பைன் மர விழா என்று அரசு அழைத்தது. பிள்ளைகளுக்குப் பரிசு கொணருபவர் குழந்தை இயேசு என்ற மரபை மாற்றிக் குளிர்காலத் தாத்தா என்றது. பெயரை மாற்றியும் அடுப்படியில் எழுந்த மணத்தை மாற்ற இயலவில்லை. வெண்ணெய் அரிதாயிற்று, சீனி அரிதாயிற்று, முற்றத்து மரமோ எவர் ஆணைக்கும் காத்திராது காய்த்தது.

1956ஆம் ஆண்டு ஒக்டோபர் 23ஆந் திகதி புடாபெஸ்த் நகரிலே மக்கள் கிளர்ந்தெழுந்தனர். நவம்பர் 4ஆந் திகதி சோவியத் படைகள் புகுந்து அவ்வெழுச்சியை அடக்கின. அதனையடுத்து ஏறக்குறைய இரண்டு இலட்சம் மக்கள் நாட்டை விட்டு வெளியேறினர். ஆஸ்திரிய எல்லையிலே அந்தாவ் என்னும் ஊரை அடுத்து, வாய்க்கால் ஒன்றின் மேல் ஒடுங்கிய மரப்பாலம் ஒன்று இருந்தது. ஏறக்குறைய 70,000 பேர் அதன்மேல் நடந்து தப்பினர். நவம்பர் 21ஆந் திகதி அப்பாலம் தகர்க்கப்பட்டது. அமெரிக்காவுக்குச் சென்றோரில் 30,000க்கும் மேற்பட்டோர் நியூ ஜேர்சி மாநிலத்துக் கில்மர் இராணுவ முகாமிலே முதலில் தங்கினர். ஒரு மாதத்துள் நத்தார் வந்தது.

குளிரிலே இரவோடிரவாக எல்லை கடந்தோர் கையில் எதனைக் கொண்டு சென்றிருத்தல் கூடும்? அக்ரோட்டுப் பொறியையோ, அது இறுக்கப்பட்டிருந்த மேசையையோ, மரத்தையோ கொண்டு செல்ல இயலுமா? கை ஒன்றுதான் உடன் சென்றது. அக்கையிலே இருந்தது 'எவ்வளவை ஏற்குமோ அவ்வளவு' என்ற அளவு.

அவ்வளவோ புதிய நாட்டிலே பொருந்தவில்லை. அங்குள்ள கோதுமை மா வேறு, பாலாடை வேறு, போறணை வேறு. இவ்விடர்ப்பாட்டை அவர்களுக்கு முன்னரே வேறு ஹங்கேரியர் கண்டிருந்தனர். 1880ஆம் ஆண்டுகள் முதல் 1914ஆம் ஆண்டு வரை பென்சில்வேனியாவின் நிலக்கரிச் சுரங்கங்களுக்கும் ஒகாயோவின் உருக்காலைகளுக்கும் பிழைப்புத் தேடிச் சென்றோர் அவர்கள். அக்குடும்பங்களின் பெண்கள் தேவாலயத்து அடுப்படிகளிலே கூடி, ஒருத்தி திரட்ட, ஒருத்தி உருட்ட, ஒருத்தி சுருட்ட, நத்தாருக்கு முன்னர் கிப்ளிகளைச் சுட்டு விற்றுத் தேவாலயச் செலவுக்குப் பணம் திரட்டினர். பாலாடை வாய்க்காத இடத்தில், அமெரிக்கக் கடைகளிலே கிடைத்த மென்பாற்கட்டியைச் சேர்த்துப் பார்த்தனர், அது பொருந்திற்று. முதிய பெண்கள் கையால் அள்ளி இட்டதை இளையவர்கள் கிண்ணத்தால் அளந்து எழுதிக்கொண்டனர். அவ்வாறு எழுதியவை தேவாலயச் சங்கங்களின் சமையற் குறிப்பு நூல்களாக அச்சேறின. ஹங்கேரிய மொழியை மறந்துவிட்ட பேரப்பிள்ளைகளும் இன்று அவ்வேட்டைப் பார்த்துக் கிப்ளி சுடுகின்றனர். பாட்டியார் மொழியிலே அவர்கள் வாயில் எஞ்சியிருக்கும் சில சொற்களுள் கிப்ளி என்பதும் ஒன்று.

சென்ற விடுமுறையில் நாமும் எமது இல்லத்தரசியாரும் இதனைச் செய்து பார்த்தோம். முதல் நாள் தோல்வியே கிட்டிற்று. எமது வெப்பத்தில் வெண்ணெய் கையிலேயே உருகிற்று. பூரணம் வெளியேறித் தட்டிலே கருகிற்று. பிறைகளெல்லாம் பூரணச் சந்திரன்களாயின. மறுநாள் மாவை ஓர் இரவு குளிரவைத்து, விடியற்காலையில், ஒரு நேரத்தில் ஓர் உருண்டையை மட்டும் எடுத்துச் செய்தோம், வந்தது. தட்டைப் போறணையிலிருந்து எடுத்த இல்லத்தரசியார் அதனைப் பார்த்தபடியே, "ஆரோ ஒரு வெள்ளைக்காரக் கிழவியின் பலகாரம் சரியாக வந்துவிட்டது. மாமியின் பயற்றம் பணியாரம் இன்னும் ஒருநாளும் வரவில்லையே" என்றார்.

எமக்கு மறுமொழி கூற வாயெழவில்லை. எமது அன்னையார் செய்யும் பயற்றம் பணியாரத்தைத் தீபாவளிக்குத் தீபாவளி உண்டு வளர்ந்தோம். நாம் பட்டதாரி, ஆயிரம் மாணவருக்குக் குறிப்பெடுக்கக் கற்பித்தோம். எனினும் அவர் அடுப்படியிலே நின்ற நாற்பது ஆண்டுகளில் ஒரு நாளாவது அவர் அருகிலே ஏட்டோடும் தராசோடும் அமர்ந்தோமில்லை. பாகின் பதத்தைக் கேட்டால், "பாகு பிடிக்கிற அளவுக்கு மாவைப் போட வேண்டியதுதான், தம்பி" என்பார். அது போதும் என்று இருந்துவிட்டோம். அவர் மறைந்து ஆறு ஆண்டுகள் ஆகின்றன. ஒவ்வோர் ஆண்டும் நாம் செய்யும் பணியாரம் இனிக்கின்றது; ஆனால் அது அவருடையதாக இல்லை.

மாணவர்களே, உங்கள் வீட்டிலே பாட்டியார் இருப்பின், இந்த விடுமுறையிலே ஒரு நாளை அவருக்கு ஒதுக்குங்கள். அவர் மாவை அள்ளும்போது, சட்டியில் இடுமுன் அக்கையைத் தராசுத் தட்டிலே கவிழ்க்கச் சொல்லுங்கள். "இதையெல்லாம் எழுதி என்னடா செய்யப்போகிறாய்?" என்று அவர் நகைப்பார், நகைக்கட்டும். நிறுத்து, எழுதி, நாளையும் அவர் பெயரையும் கீழே குறித்துக்கொள்ளுங்கள். பின்னர் அவர் பார்த்திருக்க நீங்களே ஒருமுறை செய்யுங்கள். மா எப்பொழுது கேட்கின்றது, எப்பொழுது போதும் என்கின்றது என்பதை ஏடு முழுவதும் கூறிவிடாது. அவர் விரல்கள் உங்கள் விரல்களுக்குக் கூறவேண்டும்.

தேசப்படத்தோடு வந்த மாணவன் அடுத்த தவணையில் மீண்டும் எம்மிடம் வருவான். அவனிடம் நாம் முதலிற் கேட்க இருப்பது பொஷோனியைப் பற்றியன்று. அவனுடைய அம்மம்மாவின் பலகாரம் எத்தனை கிராம் மாவிலே ஆகின்றது என்பதையே கேட்க எண்ணியுள்ளோம்.